மிருதங்கம் தெரிந்த நடிகர்: நெடுமுடி வேணுவின் 43 ஆண்டுகள்

'அந்நியன்' படத்தில் அம்பியின் அப்பாவாக வருவாரே, அவர் யார் என்று கேட்டுப் பாருங்கள். முகம் உடனே ஞாபகம் வரும், பெயர் வராது. 'இந்தியன்' படத்தில் சேனாபதியைத் துரத்தும் சி.பி.ஐ. அதிகாரி கிருஷ்ணசாமி என்று சொன்னால் "ஆமா, அந்த மலையாள நடிகர்" என்பார்கள். நமக்கு அவர் அவ்வளவுதான். கேரளத்தில் அவர் பெயரைச் சொன்னால் அப்பா, சித்தப்பா, பெரியவர் என்று வீட்டு ஆளைப் பற்றிப் பேசுவது போலப் பேசுவார்கள். 500 படங்களுக்கு மேல், 1978 முதல் 2021 வரை 43 ஆண்டுகள். வகுத்துப் பார்த்தால் வருஷத்துக்குப் பதினொன்று, பன்னிரண்டு படம் வருகிறது. நாயகன் என்ற பட்டம் இல்லாமல் இத்தனை காலம் ஒருவர் தேவைப்பட்டுக்கொண்டே இருந்தார் என்றால் அதற்குக் காரணம் இருக்கும் இல்லையா, அதைத்தான் இங்கே பிரித்துப் பார்க்கப் போகிறேன்.

அவர் 2021 அக்டோபர் 11 அன்று திருவனந்தபுரத்தில் 73 வயதில் இறந்தபோது வந்த அஞ்சலிக் குறிப்புகள் எல்லாவற்றிலும் ஒரே சொல், 'பன்முகக் கலைஞர்'. கூடவே ஒரு பட்டியல்: மிருதங்கம் வாசிப்பார், நாட்டுப்பாட்டு பாடுவார், பத்திரிகையில் வேலை பார்த்தார், கதை எழுதினார், ஒரு படம் இயக்கினார். எனக்கு அந்தப் பட்டியல் பிடிக்கவில்லை. கடையில் சோப்பு, சீப்பு, கண்ணாடி என்று அடுக்கி வைத்த மாதிரி இருக்கிறது. என் பார்வையில் அவரிடம் இருந்தது ஒரே ஒரு வித்தை, அது தாளம். அதை அவர் போன இடமெல்லாம் கொண்டுபோனார். அது உதவிய இடங்களில் அவரை யாரும் நெருங்க முடியவில்லை, உதவாத இடங்களில் நம்மைப் போல சாதாரணமாகத்தான் இருந்தார். இரண்டுக்கும் ஆதாரம் இருக்கிறது.

ஊர்

1948 மே 22 அன்று ஆலப்புழை மாவட்டத்தில் குட்டநாட்டிலுள்ள நெடுமுடியில் பிறந்தார். வீட்டில் வைத்த பெயர் வேணுகோபால். அப்பா பி.கே. கேசவ பிள்ளை பள்ளி ஆசிரியர். பிற்பாடு இவர் எத்தனை வாத்தியார் வேடம் போட்டார் என்று எண்ணினால் அப்பாவின் நடை, பேச்சு எல்லாம் அதில் எவ்வளவு கலந்திருக்குமோ என்று தோன்றும். அது என் ஊகம்தான், விட்டுவிடுங்கள்.

குட்டநாடு கடல் மட்டத்துக்குக் கீழே நெல் விளையும் இடம். வயலிலிருந்து தண்ணீரை வெளியே இறைத்தால்தான் நடவே நடக்கும். மோட்டார் வருவதற்கு முன்னால் பெரிய மரச்சக்கரத்தைக் காலால் மிதித்து இறைத்தார்கள், மிதிப்பவர்கள் கால் தப்பாமல் இருக்கப் பாட்டு. நம் ஊர் ஏற்றப்பாட்டுக்குச் சொந்தக்காரப் பாட்டு என்று வைத்துக்கொள்ளலாம். அப்புறம் வள்ளங்களி, அதாவது படகுப் போட்டி. சுண்டன் வள்ளம் என்ற நீளப் படகு ஒன்றில் நூறு பேர் போல உட்கார்ந்து துடுப்புப் போடும்போது ஒருவர் அரை வினாடி பிந்தினாலும் படகு இழுக்கும். நடுவில் நிற்பவர்கள் பலகையில் இடித்து தாளம் கொடுக்க, வஞ்சிப்பாட்டு என்ற படகுப் பாட்டு அதன் மேல் ஏறி வரும். அந்த ஊரில் தாளம் என்பது கச்சேரி கேட்கப் போகிறவர்களின் பொழுதுபோக்கு இல்லை, வேலை நடப்பதற்கான கருவி. இதை மனதில் வைத்துக்கொண்டு மேலே போனால்தான் இவர் நடிப்பு புரியும் என்பது என் கட்சி.

நெடுமுடிக்குப் பக்கத்திலேயே காவாலம். நாடகக்காரர் காவாலம் நாராயண பணிக்கர் அந்த ஊர், கவிஞர் அய்யப்ப பணிக்கரும் அந்த ஊர். தகழி சிவசங்கர பிள்ளையின் தகழியும் அதே குட்டநாடுதான். இவ்வளவு சின்ன இடத்திலிருந்து இத்தனை பேர் எப்படி என்று யாராவது தனியாக எழுத வேண்டும்.

கல்லூரி, பத்திரிகை, திருவனந்தபுரம்

ஆலப்புழை எஸ்.டி. கல்லூரியில் அவருக்குக் கூட்டாளி ஃபாசில். ஆமாம், பின்னாளில் 'மணிச்சித்ரதாழ்' எடுத்த, நமக்கு 'பூவிழி வாசலிலே' தந்த அதே ஃபாசில். இரண்டு பேரும் சேர்ந்து நாடகம், மிமிக்ரி என்று சுற்றினார்கள். படிப்பு முடிந்து கொஞ்ச காலம் டுடோரியல் கல்லூரியில் பாடம் எடுத்தார் வேணு. அப்புறம் திருவனந்தபுரம் வந்து 'கலாகௌமுதி'யில் பத்திரிகை வேலை. கலைஞர்களைச் சந்தித்து எழுதுவது அதில் பெரிய பங்கு.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். 1970களின் திருவனந்தபுரத்தில் ஒருவர் ஒரே வேலை மட்டும் செய்வது என்பதே அபூர்வமாக இருந்த ஒரு கூட்டம் இருந்தது. ஜி. அரவிந்தன் ரப்பர் போர்டில் அதிகாரி, வாரப் பத்திரிகையில் கார்ட்டூன் தொடர் வரைந்தவர், சங்கீதம் தெரிந்தவர், படமும் எடுத்தார். காவாலம் படித்தது சட்டம், பார்த்தது சங்கீத நாடக அகாடமி செயலாளர் வேலை, எழுதியது கவிதையும் நாடகமும் சினிமாப் பாட்டும். பரதன் ஓவியர், கலை இயக்குநராக இருந்து இயக்குநர் ஆனவர். பத்மராஜன் வானொலி அறிவிப்பாளர், நாவலாசிரியர், திரைக்கதை எழுத்தாளர். நடிகர் 'கொடியேற்றம்' கோபி, பிறகு பரத் கோபி என்று பெயர் பெற்றவர், மின்வாரியத்தில் கிளார்க். அந்தக் கூட்டத்தில் பத்திரிகையும் எழுதி மத்தளமும் தட்டி நாடகமும் போடும் ஒருவரை யாரும் அதிசயமாகப் பார்த்திருக்க மாட்டார்கள். பன்முகம் என்பதை நாம் இன்று ஒரு தனிமனிதனின் பெருமையாகச் சொல்கிறோம், அங்கே அது கூடியிருந்த கூட்டத்தின் இயல்பு.

பத்திரிகை வேலையால் இவருக்குக் கிடைத்த பெரிய லாபம் ஆட்களைப் பார்ப்பது. பேட்டி எடுப்பவன் வேலையே எதிரில் இருப்பவர் எப்போது தயங்குகிறார், எந்தக் கேள்விக்குக் கையைப் பிசைகிறார் என்று கவனிப்பதுதானே. அவருடைய பாத்திரங்கள் பேசுவதைவிடக் கேட்பதில் சிறப்பு என்று கீழே சொல்லப் போகிறேன், அதன் விதையில் ஒரு பாதி இங்கே இருக்கலாம்.

அவனவன் கடம்ப

மறு பாதி காவாலத்தின் நாடகம். 'தனது நாடகவேதி' என்று அதற்குப் பெயர், தன் மண்ணின் நாடகம் என்று அர்த்தம். மேலைநாட்டு பாணியில் மேடையில் சோபா போட்டு வசனம் பேசுவதை விட்டுவிட்டு, கூடியாட்டம், படையணி, தெய்யம் போன்ற கேரளத்துப் பழைய கலைகளிலிருந்து அசைவையும் தாளத்தையும் எடுத்து நாடகம் கட்டுவது. செட் கிடையாது. நடிகனின் உடம்பே மரம், ஆறு, சுவர். நம் பக்கத்தில் நாடகக்காரர் ந. முத்துசாமி தெருக்கூத்தைக் கையில் எடுத்துக்கொண்டு கூத்துப்பட்டறை கண்ட காலத்தோடு சேர்த்து வைத்துப் பார்த்தால் இந்த இயக்கத்தின் மனநிலை பிடிபடும்.

1970களின் நடுவில் வந்த 'அவனவன் கடம்ப' தான் திருப்புமுனை. எழுதியது காவாலம், இயக்கியது அரவிந்தன், நடித்தவர்களில் கோபி, வேணு, ஜகன்னாதன். கடம்ப என்றால் தாண்டிப் போக வேண்டிய தடை. திருவிழாவுக்குப் போகிற ஒரு கூட்டம், வழியில் ஒரு கடம்ப, அதைத் தாண்ட முடியாமல் படும் பாடு. ஒவ்வொருவனுக்கும் அவனே தடை என்பது தலைப்பிலேயே இருக்கிறது. அரங்கத்துக்குள் போடாமல் திறந்தவெளியில் மரத்தடியில் போட்டார்கள்.

அந்த நாடக முறையில் நடிகன் முதலில் கற்பது தாளம். நடப்பது ஒரு கணக்கில், நிற்பது ஒரு கணக்கில், வசனமே வாய்த்தாரியாக, நம் பாஷையில் சொற்கட்டாக, வந்து பிறகு பேச்சாக மாறும். குரல் உச்சத்துக்குப் போகும்போது உடம்பு அடங்க வேண்டும், உடம்பு துள்ளும்போது குரல் பின்வாங்க வேண்டும். மிருதங்கம் தெரிந்த, குட்டநாட்டு வரப்பில் வளர்ந்த ஒருவருக்கு இது பாடமாகவே இருந்திருக்காது. மற்ற நடிகர்கள் சினிமாவுக்கு வசனத்தைக் கொண்டுவந்தார்கள், இவர் சினிமாவுக்கு இடைவெளியைக் கொண்டுவந்தார். எங்கே அடிக்கக் கூடாது என்று தெரிந்தவன்தானே நல்ல மிருதங்கக்காரன்.

திரைக்கு வந்தது

1978இல் அரவிந்தனின் 'தம்பு'. தம்பு என்றால் கூடாரம், சர்க்கஸ் கூடாரம். பாரதப்புழைக் கரையில் ஒரு கிராமத்துக்கு சர்க்கஸ் வந்து, சில நாள் இருந்து, கிளம்பிப் போகிறது, அவ்வளவுதான் கதை. நிஜ சர்க்கஸ்காரர்கள், நிஜ கிராமத்து ஜனங்கள், கருப்பு வெள்ளை. அதில் வேணுவும் கோபியும் கூட்டத்தோடு கூட்டமாக இருக்கிறார்கள். படம் புதுப்பிக்கப்பட்டு 2022இல் கான் திரைப்பட விழாவின் கிளாசிக்ஸ் பிரிவில் காட்டப்பட்டது, அப்போது வேணு இல்லை.

அடுத்த வருஷமே பரதனின் 'தகர'. திரைக்கதை பத்மராஜன். பிரதாப் போத்தன் தகர என்ற வெள்ளந்தி இளைஞன், வேணு செல்லப்பனாசாரி என்ற தச்சர். 'ஆவாரம்பூ' பார்த்தவர்களுக்குக் கதை தெரியும், 1992இல் பரதனே தமிழில் வினீத்தை வைத்து மறுபடி எடுத்தது இதைத்தான். செல்லப்பனாசாரி தானாக எதையும் செய்யமாட்டான். தகரயின் காதில் ஊதுவான், ஊதிவிட்டு ஒதுங்கி நின்று வேடிக்கை பார்ப்பான். அந்தக் குரலில் எண்ணெய் தடவிய ஒரு வழவழப்பு, சிரிப்பில் ஒரு அழுக்கு. வில்லன் என்று சொல்ல முடியாது, நல்லவன் என்று சொல்ல வாய் வராது. முப்பது வயதுக்காரர், இரண்டு மூன்று படம்தான் நடித்திருக்கிறார், ஊரில் எல்லோருக்கும் தெரிந்த ஒரு ஆளாக வந்து உட்கார்ந்துவிட்டார். மலையாளத்தில் அன்றுவரை இந்த மாதிரி வேடத்துக்குக் கொஞ்சம் நாடகத்தனமாகக் கண்ணை உருட்டுவார்கள். இவர் உருட்டவில்லை.

அதன் பிறகு சில வருஷம் அவர் நிஜமாகவே நாயகன் வேடங்களும் செய்தார் என்பதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். 1981இல் பத்மராஜன் இயக்கிய 'கள்ளன் பவித்ரன்' படத்தில் தலைப்புப் பாத்திரம், அதாவது திருடன் பவித்ரன். அதே வருஷம் மோகன் இயக்கிய 'விட பறயும் மும்பே'யில் சேவியர் என்ற அலுவலக ஊழியர், சாகப் போகும் நோயை மறைத்துக்கொண்டு சிரித்துத் திரிபவர். அன்றைய பெரிய நட்சத்திரம் பிரேம் நசீர் அதில் இவரோடு நடித்தார், ஆனால் மாநில அரசின் சிறந்த நடிகர் விருது வேணுவுக்கு. 1984இல் சத்யன் அந்திக்காட்டின் 'அப்புண்ணி'யிலும் அவர்தான் அப்புண்ணி, மோகன்லால் அதில் அவருக்கு அடுத்த வேடம். ஆகவே "நாயகன் வாய்ப்பு வரவில்லை, அதனால் குணச்சித்திரம்" என்ற வழக்கமான சோகக்கதை இவருக்குப் பொருந்தாது.

ஒரு வேடிக்கை. 1982இல் கே.ஜி. ஜார்ஜின் 'யவனிக' வந்தது. நாடகக் கம்பெனியில் தபலா வாசிப்பவன் காணாமல் போகிறான், அவனைத் தேடுவதுதான் படம். அந்தத் தபலாக்காரர் அய்யப்பன் வேடத்தில் நடித்தது பரத் கோபி. தாளவாத்தியம் தெரிந்த வேணுவும் அதே படத்தில் இருக்கிறார், வேறு வேடத்தில். தாளம் தெரிந்தவரைத் தாளக்காரராகப் போடவேண்டும் என்று யாருக்கும் அவசியமாகத் தோன்றவில்லை. அதற்கு அவர் இன்னும் முப்பத்தைந்து வருஷத்துக்கு மேல் காத்திருக்க வேண்டியிருந்தது.

முப்பத்தொன்பதில் கிழவர்

1987. பரதன் இயக்கம், ஜான் பால் திரைக்கதை, 'ஒரு மின்னாமினுங்கின்றெ நுறுங்குவெட்டம்'. தமிழில் சொன்னால் ஒரு மின்மினியின் துளி வெளிச்சம். ஓய்வு பெற்ற, குழந்தை இல்லாத ஆசிரியத் தம்பதி, அவர்கள் வாழ்க்கைக்குள் வரும் ஒரு இளம் பெண். கணவராக வேணு, மனைவியாக சாரதா. வேணுவுக்கு அப்போது வயது 39. மறுபடியும் மாநில விருது.

சின்ன வயதில் கிழவர் வேடம் போடுவது நமக்குப் புதிதில்லை. நரைமுடி ஒட்டி, முதுகைக் கூன் போட்டு, குரலை நடுங்க வைப்பார்கள். இந்தப் படத்தில் வேணு அதை நம்பி நிற்கவில்லை. முக்கியமாக மாறியது வேகம். எழுந்திருக்கும்போது எழுந்திருக்கலாமா என்று உடம்பு ஒரு கணம் யோசிக்கிறது. பதில் சொல்லும் முன் ஒரு சிறு தாமதம், அது மறதியில்லை, அவசரம் இல்லாத மனிதனின் தாமதம். மிருதங்கக்காரர்கள் காலப்பிரமாணம் என்பார்கள், ஒரு பாட்டை எந்த வேகத்தில் எடுத்தோமோ அதே வேகத்தில் கடைசிவரை தாங்குவது. வேணு ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒரு காலப்பிரமாணம் வைத்துக்கொண்டார் என்று சொன்னால் மிகையில்லை. செல்லப்பனாசாரிக்கு ஒன்று, இந்த வாத்தியாருக்கு ஒன்று. ஒரு தடவை எடுத்துவிட்டால் படம் முடியும் வரை ஓடாது, இழுக்காது.

தொழில் கணக்கில் இது அவருக்கு நல்ல பேரமாக முடிந்தது. நாற்பதுக்கு முன்பே கிழவராகிவிட்டவருக்கு வயதானால் என்ன செய்வது என்ற பயம் இல்லை. மோகன்லாலும் மம்மூட்டியும் பெரிய நட்சத்திரங்களாக எழுந்த அதே காலத்தில் இவர் போட்டிக்கே நிற்காமல் அவர்கள் படங்களின் தூணாக மாறினார். இத்தனைக்கும் இவர் கிழவர் ஒன்றும் இல்லை, மம்மூட்டியைவிட மூன்றே வயது பெரியவர்.

கேட்கத் தெரிந்த முகம்

சங்கீதப் படங்களுக்குத்தான் இங்கே கொஞ்சம் நீளமாக இடம் தரப் போகிறேன்.

1990இல் 'ஹிஸ் ஹைனஸ் அப்துல்லா'. சிபி மலயில் இயக்கம், லோகிததாஸ் எழுத்து. வேணு உதயவர்மா என்ற ராஜா, சங்கீதப் பித்து பிடித்த மனிதர். அவரைக் கொல்வதற்காக ஒரு பாடகனை நம்பூதிரி வேடத்தில் அரண்மனைக்குள் அனுப்புகிறார்கள், அவன் மோகன்லால். வந்தவன் பாடுகிறான், ராஜா கேட்கிறார், கொல்ல வந்தவனின் கை தளர்கிறது. கதையின் முழு நம்பகத்தன்மையும் எங்கே நிற்கிறது என்று யோசித்துப் பாருங்கள். பாடுவது போல நடிப்பவர் மேல் இல்லை, ஏனென்றால் பின்னணிக் குரல் அதைப் பார்த்துக்கொள்ளும். கேட்பவர் மேல் நிற்கிறது. இந்த ராஜா நிஜமான ரசிகர், இவரைக் கொல்ல எவனுக்கும் மனசு வராது என்று நாம் நம்பியாக வேண்டும். சினிமாவில் கச்சேரி கேட்கும் ரசிகர்களைப் பார்த்திருப்பீர்கள், தலையைத் தப்பான இடத்தில் ஆட்டிக்கொண்டு, தாளச் சுற்று தொடங்கும் சமத்துக்கு ஒரு அடி முன்னாலேயே தொடையில் தட்டிக்கொண்டு. சங்கீதம் தெரிந்தவர்களுக்கு அது பல்லில் மணல் கடித்த மாதிரி. வேணுவின் முகம் பாட்டுக்குச் சரியாக எங்கே காத்திருக்க வேண்டுமோ அங்கே காத்திருக்கிறது. அந்த வேடத்துக்கு 38ஆவது தேசிய விருதுகளில் சிறந்த துணை நடிகர் விருது. அதே படத்தில் பாடியதற்கு எம்.ஜி. ஸ்ரீகுமாருக்கு சிறந்த பாடகர் விருது. பாடியவருக்கு ஒன்று, கேட்டவருக்கு ஒன்று.

அடுத்த வருஷம் அதே சிபி மலயில், லோகிததாஸ், மோகன்லால் கூட்டணியில் 'பரதம்'. இங்கே வேணு பெரிய வித்வான் கல்லியூர் ராமநாதன், மோகன்லால் தம்பி. குடி அண்ணனை மேடையில் கவிழ்க்கிறது, அந்த இடத்தில் தம்பி பாட ஆரம்பிக்கிறான், பிறகு தம்பிதான் வித்வான். 'பரதம்' என்றால் எல்லோரும் மோகன்லாலைப் பேசுவார்கள், தேசிய விருதும் அவருக்கே, அதில் தப்பில்லை. ஆனால் தம்பி பாடும்போது அண்ணனுக்குள் நடப்பதைப் பாருங்கள். பொறாமை, அவமானம், அதற்கு நடுவில் பாட்டு நன்றாக இருக்கிறதே என்ற ரசனை. வித்வானின் காதை மூடிக்கொள்ள முடியாது என்பதுதான் அந்தப் பாத்திரத்தின் தண்டனை. முந்தைய வருஷம் கேட்பதையே இன்பமாகக் காட்டியவர் இந்த வருஷம் கேட்பதையே வேதனையாகக் காட்டினார்.

நம் தமிழுக்கு இதில் ஒரு பங்கு உண்டு. 1995இல் தி. ஜானகிராமனின் 'மோகமுள்' படமானது. இயக்கிய ஞான ராஜசேகரன் கேரள அரசில் பணியாற்றிய ஐ.ஏ.எஸ். அதிகாரி, ஆகவே ரங்கண்ணா வேடத்துக்கு நெடுமுடி வேணு அவர் மனதில் வந்ததில் ஆச்சரியம் இல்லை. நாவல் படித்தவர்களுக்கு ரங்கண்ணா என்றால் ஒரு பயம் இருக்கும், யார் நடித்தாலும் குறையாகத்தான் தோன்றும். கும்பகோணத்துக் கிழவர், நாதம் ஒன்றைத் தவிர வேறு எதையும் பொருட்படுத்தாதவர், மேடையேறிப் புகழ் தேடுவதில் அக்கறை இல்லாதவர். வேணுவின் ரங்கண்ணா முழுக்கத் தஞ்சாவூர்க்காரராக எனக்குத் தோன்றவில்லை, அந்த மண்ணின் குறும்பு கொஞ்சம் குறைவு. ஆனால் சுருதியோடு உட்கார்ந்திருக்கும் மனிதராக அப்படியே நம்ப முடிந்தது. தமிழ் நடிகர் ஒருவர் மண்ணைக் கொண்டுவந்து நாதத்தைத் தவறவிட்டிருந்தால் அதுதான் பெரிய நஷ்டமாக இருந்திருக்கும்.

அப்புறம் ராஜீவ் மேனனின் 'சர்வம் தாளமயம்', 2018இல் டோக்கியோ விழாவில் முதலில் காட்டப்பட்டு 2019 பிப்ரவரியில் இங்கே வந்தது. கடைசியில் அவருக்கு மிருதங்க வித்வான் வேடம் கிடைத்தது, வேம்பு அய்யர். மிருதங்கம் செய்யும் தலித் கிறிஸ்தவக் குடும்பத்துப் பையன் பீட்டராக ஜி.வி. பிரகாஷ், அவன் வாசிக்கக் கற்க ஆசைப்படுகிறான். தோலை இழுத்துக் கட்டுகிறவனுக்கு வாசிக்க இடம் இல்லாத உலகத்தின் கதை. படத்தின் முடிவு எனக்கு முழுத் திருப்தி இல்லை, சிக்கலான ஒன்றை சுலபமாக அவிழ்த்துவிட்டார்கள் என்றே நினைக்கிறேன். ஆனால் வேம்பு அய்யர் கோபப்படும் விதம் அபாரம். கத்த மாட்டார். சிஷ்யன் கை தப்பாக விழும்போது அவருக்கு உடம்பில் எங்கேயோ வலிக்கிறது, அந்த வலிதான் கோபமாக வெளியே வருகிறது. தாளம் தெரியாத நடிகர் இதைச் செய்திருந்தால் முகத்தில் கோபத்தை வரவழைத்துக்கொண்டிருப்பார்.

உதவாத இடங்கள்

இனி மறுபக்கம். அவர் எழுத்திலும் கை வைத்தார். 1983இல் பரதன் எடுத்த 'காற்றத்தெ கிளிக்கூடு' படத்தின் கதை வேணுவுடையது. திரைக்கதை டி. தாமோதரன், நடித்தவர்கள் கோபி, ஸ்ரீவித்யா, மோகன்லால், ரேவதி. தான் எழுதிய கதையில் பிரதான வேடம் கோபிக்குப் போனது என்பது அவரைப் பற்றி எதையோ சொல்கிறது. நல்ல படம். 1989இல் 'பூரம்' என்ற படத்தை இயக்கினார். அது பெரிதாகப் பேசப்படவில்லை, இயக்குநர் நாற்காலியில் அவர் நிலைக்கவும் இல்லை.

எனக்குத் தோன்றும் காரணம் இது. ஒரு பாத்திரத்தின் தாளத்தை உள்ளே இருந்து பிடிப்பது ஒரு வித்தை, இருபது பாத்திரத்துக்கும் கேமராவுக்கும் எடிட்டிங் மேசைக்கும் சேர்த்துத் தாளம் வகுப்பது வேறு வித்தை. பக்கவாத்தியக்காரர் எவ்வளவு பெரியவராக இருந்தாலும் பாடகர் எடுத்த பாட்டுக்குத்தான் வாசிக்கிறார். வேணு பிறவிப் பக்கவாத்தியக்காரர். இதைக் குறையாகச் சொல்லவில்லை. மிருதங்க மேதை பாலக்காடு மணி ஐயர் பாடவில்லையே என்று யாரும் குறைப்பட்டதில்லை.

பெரிய குறை வேறொன்று, அது அவருடையது மட்டும் இல்லை. 1990களின் பின்பாதியிலும் அதற்குப் பிறகும் மலையாள சினிமா அவரை ஒரு நல்ல பெரியவராக உறைய வைத்தது. அன்பான அப்பா, புத்தி சொல்லும் மாமா, கோயில் திருவிழாவில் முன்வரிசையில் நிற்கும் காரணவர், அதாவது குடும்பத்துப் பெரியவர். வருஷத்துக்குப் பன்னிரண்டு படம் என்றால் அதில் ஏழெட்டு இந்த மாதிரி. செல்லப்பனாசாரியைச் செய்தவருக்கு இது வீணடிப்பு. அவர் மறுத்திருக்கலாமே என்று கேட்கலாம். குணச்சித்திர நடிகரின் சந்தை அப்படி நடப்பதில்லை. நாயகன் வருஷத்துக்கு மூன்று படம் செய்து வீட்டில் உட்காரலாம், இவர்கள் சில நாள் கால்ஷீட்டில் பல படம் செய்தால்தான் கண்ணில் இருப்பார்கள். ஒரு வருஷம் ஒதுங்கினால் அந்த அப்பா வேடத்துக்கு வேறொருவர் பழகிவிடுவார்.

அந்த உறைநிலையிலும் யாராவது உடைத்தால் உடனே பழைய ஆள் வெளியே வந்தார். 1994இல் பிரியதர்ஷனின் 'தேன்மாவின் கொம்பத்து' ஒரு உதாரணம். நம் ஊர் 'முத்து'வின் தாய்ப்படம், சரத்பாபு செய்த எஜமான் வேடத்தின் மூலம் வேணு. சரத்பாபுவின் எஜமான் கம்பீரமாக, கொஞ்சம் தூரத்தில் நிற்பவர். வேணுவின் ஸ்ரீகிருஷ்ணன் நடுவயதில் கல்யாண ஆசை வந்து தவிக்கும், அற்பமாகப் பொறாமைப்படும், சிரிப்பு வரவழைக்கும் மனிதர், அதனாலேயே அவர் கடைசியில் கெட்டவராக மாறும்போது நமக்கு அதிர்ச்சியாக இருக்கிறது. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரே கதையில் வேடம் எப்படி இடம் மாறுகிறது என்று நல்ல பாடம். 2003இல் 'மார்கம்' இன்னொரு உதாரணம். எம். சுகுமாரனின் கதையிலிருந்து ராஜீவ் விஜயராகவன் எடுத்த படம், பழைய தீவிர இடதுசாரி ஒருவர் உள்ளுக்குள் உடைவது. மூன்றாவது முறை மாநிலத்தின் சிறந்த நடிகர், தேசிய விருதில் சிறப்புக் குறிப்பு. 55 வயதில்.

குரல் மட்டும்

பலர் கவனிக்காத ஒரு விருது இருக்கிறது. 54ஆவது தேசிய விருதுகளில் சிறந்த பின்னணி உரைக்கான விருது நெடுமுடி வேணுவுக்குக் கிடைத்தது, 'மினுக்கு' என்ற படத்துக்காக. கதகளியில் பெண்வேடத்துக்குப் பெயர்போன கோட்டக்கல் சிவராமனைப் பற்றிய படம் அது, 'மினுக்கு' என்பதே கதகளியில் பெண்களுக்கும் முனிவர்களுக்கும் உரிய ஒப்பனை வகை. முகம் கிடையாது, உடம்பு கிடையாது, வெறும் குரலுக்கு விருது. பத்திரிகைக்காரராகக் கலைஞர்களைத் தேடிப் போய்க் கேட்டு எழுதியவர் இங்கே இன்னொரு கலைஞனின் வாழ்க்கைக்குக் குரல் கொடுத்திருக்கிறார். என் கட்சிக்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குக் கிடைக்கவில்லை.

தமிழில் அவருக்கு இந்தக் குரல் விஷயம்தான் தடையாக இருந்திருக்க வேண்டும். மலையாளத்தில் அவர் பலம் பேச்சின் இடைவெளி. வேறொரு மொழியில், அதுவும் பெரிய படங்களின் வேகத்தில், இடைவெளிக்கு இடம் இல்லை. அதனால் ஷங்கர் படங்களில் நாம் பார்த்தது அவருடைய முகத்தை மட்டும் என்றுதான் சொல்வேன். 'இந்தியன் 2' படம் 2024 ஜூலையில் வந்தபோது அவர் இறந்து கிட்டத்தட்ட மூன்று வருஷம் ஆகியிருந்தது, கிருஷ்ணசாமியைத் தொழில்நுட்பத்தின் உதவியோடு திரைக்குக் கொண்டுவந்தார்கள்.

அவரை முதன்முதலாகப் பார்க்கப் போகிறவர்களுக்கு என் வரிசை: முதலில் 'தகர', பிறகு 'ஒரு மின்னாமினுங்கின்றெ நுறுங்குவெட்டம்', அப்புறம் 'பரதம்', கடைசியாக 'சர்வம் தாளமயம்'. நாலாவதைப் பார்க்கும்போது மட்டும் ஒரு காரியம் செய்யுங்கள். வேம்பு அய்யர் மிருதங்கத்தைத் தொடாமல் சும்மா உட்கார்ந்து கேட்கும் காட்சிகளில் முகத்தை விட்டுவிட்டு விரல்களைப் பாருங்கள்.